மடை திருப்பிய பாட்டு

ஸ்கந்தபுரத்து வாய்க்காலில் வடிவம்மாவின் வயல்தான் கடைசி. கோடையில் விதைக்கும் சிறுபோகத்தில் குளத்துத் தண்ணீரை முறை வைத்துத்தான் விடுவார்கள். மேலே இருக்கும் தவராசாவின் வயல் குடித்து ஏப்பம் விட்ட பிறகுதான் வடிவம்மாவுக்கு.

அந்த முறைக்கு மணிக்கூடு ஒரு தொலைக்காட்சி நாடகம். சிரிக்காதீர்கள். போர் முடிந்து மீள்குடியேறி வந்த வருடம் எங்கள் ஒழுங்கையிலேயே ஒரே தொலைக்காட்சி வடிவம்மாவுடையது. உழவு இயந்திரத்தின் பற்றரியில் ஓடும். முற்றத்தில் நெல்லுக் காயவிடும் படங்கை விரித்து நாற்பது பேர் இருப்போம். இந்தியாவில் எங்கேயோ ஒரு கூட்டுக் குடும்பம். மாமனார் இனிப்பை ஒளிப்பார், மருமகள் கண்டுபிடிப்பாள், நாங்கள் வயிறு நோகச் சிரிப்போம். அந்த வருடம் சிரிக்க வேறொன்றும் இருக்கவில்லை.

பேச்சைத் தமிழாக்கியவர்கள் பாட்டை மட்டும் இந்தியிலேயே விட்டுவிட்டார்கள். மாலை ஆறு மணிக்கு அது எழும்பினால் வாய்க்கால் மீன்கள் வாலை ஊன்றி நின்று கேட்கும். பொய்யென்றால் என் மூக்குத்தியைக் கழற்றித் தருகிறேன். உடனே மடை பார்க்கும் பரமலிங்கம் தவராசாவின் பக்கத்தை அடைத்து வடிவம்மாவுக்குத் திறப்பார். இப்போது எல்லார் கையிலும் போன். எங்கள் பிள்ளைகள் கலியாணம் முடித்துக் கனடா போய்விட்டார்கள். நாடகத்துக் குடும்பத்தின் பேரப்பையன் மட்டும் இன்னும் ஏழாம் வகுப்பில். மடைச் சட்டமும் அப்படியே.

போன ஆடியில், நெல் கதிர் தள்ளும் நேரம், வடிவம்மாவின் வயல் வெடித்துக் கிடந்தது. மறுநாள் குளத்துக் கதவைப் பூட்டினால் பத்து நாளைக்குத் தண்ணீர் இல்லை. அன்று பார்த்துக் கிரிக்கெட் போட்டி, நாடகத்தை நிறுத்திவிட்டார்கள்.

"பரமலிங்கம் அண்ணை, ஆறு மணி தாண்டியிட்டுது. திருப்புங்கோ."

"பாட்டுப் போகேல்லையே, வடிவம்மா."

"இண்டைக்கு நாடகம் இல்லை."

"அப்ப தண்ணியும் இல்லை," என்றார் தவராசா, வரம்பில் குந்தியிருந்தபடி.

வடிவம்மா சேலையை இடுப்பில் சொருகி, வாய்க்கால் கட்டில் ஏறினார். பதினைந்து வருடம் கேட்ட அந்தப் பாட்டை, ஒரு சொல்லும் விளங்காமல், ஒரு சொல்லும் பிசகாமல், எடுத்துப் பாடினார். பல மைல் தள்ளிக் கண்டாவளையில் மாடுகள் திரும்பிப் பார்த்தனவாம். ஒழுங்கைப் பெண்கள் வாசல் படலைக்கு வந்து அடுத்த அடியைப் பிடித்துக்கொண்டார்கள். பரமலிங்கத்தின் கை அவரைக் கேளாமலே மண்வெட்டியை எடுத்தது.

"டேய் பரமு! இது ரீவியில வரேல்லையடா!" என்று கத்தினார் தவராசா.

"பாட்டு வந்தால் திருப்பிறது எண்டுதான் கதை. எங்கயிருந்து வரவேணும் எண்டு ஆர் சொன்னது?"

தண்ணீர் கடைசி வரம்பைத் தொடும்வரை வடிவம்மா பாட்டைத் திரும்பத் திரும்ப முதலிலிருந்து எடுத்தார். நான்காம் முறை தவராசாவின் வாயும் முணுமுணுத்தது. அவரும் அந்தப் படங்கில் இருந்து சிரித்தவர்தானே.