அவள் பக்கங்களைப் படமெடுத்தேன்

கொல்கத்தாவுக்கு மாற்றலாகி வந்ததிலிருந்து என் மனைவி ஒரு வலைப்பூ எழுதிவந்தாள். லேக் மார்க்கெட்டில் முருங்கைக்காய் விற்ற விலை, மாடி வீட்டு வங்காளி பௌதி, அதாவது அண்ணி, சாம்பாரில் சர்க்கரை போட்டது, டாலிகஞ்ச் மழை எல்லாம் அதில் இருக்கும். அவள் போய் ஒன்றரை வருஷம் கழித்து, அந்தத் தளத்தை நடத்தியவர்கள் மாதக் கடைசியோடு அதை மூடப்போவதாக அறிவித்தார்கள்.

வீட்டில் அவள் எழுத்தைப் பற்றி நான் ஒரு நல்ல வார்த்தை சொன்னதில்லை. "வேலையத்த வேலை" என்பேன். ஆனால் அலிப்பூர் ஆபீசில் மதியம் சாப்பிட்டு முடித்ததும், பொய்ப் பெயரில் அவளுக்குப் பின்னூட்டம் போடுவேன். அந்தப் பெயரில் நான் ஒரு மதுரைக்காரர், ரிட்டயர்டு வாத்தியார். அவளும் "மிக்க நன்றி சார்" என்று மரியாதையாகப் பதில் எழுதுவாள். சாயங்காலம் அதை என்னிடமே சொல்லிப் பூரித்துப்போவாள். நான் பேப்பரிலிருந்து தலையைத் தூக்க மாட்டேன்.

கடைசிப் பதிவை ஆஸ்பத்திரியிலிருந்து போனிலேயே எழுதினாள். படித்த கையோடு, "சீக்கிரம் வீட்டுக்கு வா. காபி வாயில் வைக்க முடியவில்லை" என்று பின்னூட்டம் போட்டேன். அனுப்பிய பிறகுதான் உறைத்தது. மதுரை வாத்தியாருக்கு எங்கள் வீட்டுக் காபியைப் பற்றி என்ன தெரியும்?

அன்று மாலையே அதற்குக் கீழே "ஒரு பதில்" என்று வந்திருந்தது. மறுநாள் அவள் இல்லை. அந்தப் பதிலைத் திறக்க எனக்குத் தைரியம் வரவில்லை. இத்தனை வருஷமும் அது நான்தான் என்று அவளுக்குத் தெரியுமா? தெரிந்துகொண்டே என்னிடம் பூரித்தாளா? அந்தக் கேள்வி இன்னும் என்னை விடவில்லை.

கடவுச்சொல் அவளோடு போய்விட்டதால் பக்கங்களைப் படமாக எடுப்பதுதான் எனக்குத் தெரிந்த ஒரே வழி. பக்கம் முழுவதையும் மேலிருந்து அடிவரை ஒரே படமாக எடுக்கும் ஒரு செயலி கிடைத்தது. பொத்தானை அழுத்தினால் பக்கம் தானாகவே கீழே நகரும், நிற்கும், மறுபடி நகரும். ஞாயிறு மத்தியானம், வீட்டில் வேறு யாருமில்லை. பக்கத்தில் உட்கார்ந்து யாரோ படிப்பது போலவே இருந்தது. நான் மௌஸிலிருந்து கையை எடுத்துவிட்டு நாற்காலியைப் பின்னால் தள்ளிக்கொண்டேன்.

படத்தைப் பார்த்தால் இன்னும் மோசம். பக்கம் நகர்ந்தாலும் தளத்தின் தலைப்பில் அப்படியே நிற்கும் அவள் புகைப்படம், பக்கம் நின்ற இடத்திலெல்லாம் பதிந்திருந்தது. ஒரு நீளப் பதிவில் பதினோரு முறை அவள் முகம், வாக்கியங்களை மறைத்துக்கொண்டு. எனக்குப் பயமாக இருந்தது. சொந்தப் பெண்டாட்டியைக் கண்டு பயந்தேன்.

நாங்கள் ஆறு ஊர் மாறிய குடும்பம். ஆர்டர் வந்தால் எல்லாவற்றையும் பெட்டியில் போட்டுக் கட்டுவோம். ஆல்பம், கடிதம் எதையும் பிரித்துப் பார்க்கக் கூடாது, பார்த்தால் வேலை ஓடாது, புது ஊரில் போய்ப் பார்த்துக்கொள்ளலாம். அவள் போட்ட சட்டம் அது. அப்படியே செய்தேன். ஒரு வரி படிக்காமல் நான்கு ஞாயிற்றுக்கிழமைகளில் எல்லாவற்றையும் எடுத்து முடித்தேன், கடைசிப் பதிவு உட்பட. பதில் பத்திரமாக என்னிடம் இருக்கிறது, மனம் தேறும்போது படிக்கலாம் என்று நிம்மதியானேன்.

தளம் மூடிய மறுவாரம் பெங்களூரிலிருந்து மகள் கூப்பிட்டாள்.

"கமெண்ட்ஸுக்கு அம்மா போட்ட ரிப்ளை எல்லாம் மடிச்சு இருக்குமேப்பா. ஒவ்வொண்ணையும் ஓபன் பண்ணிட்டுத்தானே எடுத்தீங்க?"

"முழுப் பக்கம்னுதான் அதுல போட்டிருந்தான்."

"ஸ்கிரீன்ல தெரியறதைத்தான்பா அது எடுக்கும்."

எனக்குக் கோபம் தலைக்கேறியது. அவளிடம் கத்திவிட்டுப் போனை வைத்தேன்.

கடைசிப் பதிவின் படத்தைத் திறந்து அடிக்குப் போனேன். என் பின்னூட்டம். அதன் கீழே சின்ன எழுத்தில் "ஒரு பதில்", பக்கத்தில் ஒரு முக்கோணம். அதன்மேல் சொடுக்கினேன். படம் பெரிதாயிற்று. மறுபடி சொடுக்கினேன். எழுத்துகள் மங்கிக் கட்டம் கட்டமாக உடைந்தன.

மகள் மறுபடி கூப்பிட்டாள். "கோச்சுக்காதீங்கப்பா. அம்மாவோட கடைசிப் பதிவாவது வந்திருக்கா?"

"வந்திருக்கு. எனக்குப் பதில்கூடப் போட்டிருக்கா" என்றேன்.

"அப்படியா? என்னப்பா போட்டிருக்கா?" என்று கேட்டாள்.