கேரட் தட்டில் வெள்ளை வட்டங்கள்

பேய், பிசாசு, செய்வினை, கண்ணேறு, இது எதிலும் எனக்கு நம்பிக்கை இருந்ததில்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கொடைக்கானல் பக்கம் எங்கள் கவுஞ்சி கிராமத்தில் பயிர் வாடினால் எலுமிச்சம்பழத்தோடு ஓடுகிறவர்களைப் பார்த்துச் சிரித்தவள் நான். பயிர் வாடினால் என் கை தேடுவது மருந்து டப்பாவைத்தான். அதனால் இதைக் கேட்டு நீங்கள் சிரித்தால் கோபித்துக்கொள்ள மாட்டேன், உங்கள் இடத்தில் இருந்தால் நானும் சிரித்திருப்பேன்.

எனக்கு ஒரே தங்கை, சுதா. அம்மா இறந்தபோது நான் பத்தாவது, அவள் நாலாவது. யாராவது ஒருத்தி காடு கழனியைப் பார்க்க வேண்டுமே, நான் பள்ளிக்கூடத்தை விட்டு நின்றுவிட்டேன். அவள் கொடைக்கானலில் விடுதியில் தங்கிப் படித்து, அப்புறம் கடலைப் பற்றிய படிப்புக்குப் போய், இப்போது லட்சத்தீவில் ஒரு தீவில் கடலுக்குள் முங்கி வேலை பார்க்கிறாள். எங்கள் மலையில் முழங்காலுக்கு மேல் தண்ணீரில் இறங்கியிராத பெண், நம்பினால் நம்புங்கள். நான் கல்யாணம் ஆன பிறகும் அப்பாவோடு அதே வீட்டில், அதே கேரட், அதே உருளைக்கிழங்கு, அதே பூண்டு. அவள்மேல் பொறாமையா என்று கேட்டால், ஆமாம், பொறாமைதான். சுற்றி வளைத்துச் சொல்ல எனக்குத் தெரியாது.

இரண்டு வருஷத்துக்கு முன்னால், விதைக்கிழங்கு வெட்டுகிற சமயத்தில் அவள் லீவில் வந்தாள். கையில் ஒரு பெரிய கண்ணாடி ஜாடி. உள்ளே ஸ்பிரிட்டில் ஊறிக்கொண்டு ஒரு நட்சத்திர மீன் இருந்தது. நட்சத்திரம் என்றால் ஐந்து முனை என்றுதானே நினைப்போம், இதற்குப் பதினைந்துக்கு மேல் கைகள், சாப்பாட்டுத் தட்டு அகலம், உடம்பு முழுக்க முள். முள்கிரீட நட்சத்திர மீன் என்று பெயராம். செத்த பிறகும் முள்ளில் விஷம் இருக்கும், யாரும் தொட்டுவிடாதீர்கள் என்றாள். அவள் படித்த பள்ளிக்கூடத்திலேயே பிள்ளைகளுக்குக் காட்டிப் பேசக் கூப்பிட்டிருந்தார்கள், அதற்காக அனுமதி வாங்கிக் கொண்டுவந்தது.

பக்கத்து வீட்டுக்காரர்கள் எல்லாம் வந்துவிட்டார்கள். சுதா போனில் படம் காட்டினாள். பவளப்பாறை என்கிறோமே, அது வெறும் பாறை இல்லை, உயிருள்ளதாம். இந்த மீன் அதன்மேல் ஏறி உட்கார்ந்து, தன் வயிற்றையே வாய் வழியாக வெளியே தள்ளி, பவளத்தைப் போர்த்தி, அங்கேயே செரித்து உறிஞ்சிவிட்டு நகருமாம். அது எழுந்துபோன இடத்தில் வெள்ளை எலும்பு மட்டும் மிஞ்சும். ஒன்றிரண்டு இருந்தால் பரவாயில்லை, கூட்டமாகப் பெருகினால் பவளம் போய், பவளத்தை நம்பியிருக்கிற மீனும் போய்விடும் என்றாள். முன்பெல்லாம் வெட்டிக் கடலிலேயே போட்டார்களாம், துண்டுகள் திரும்ப முளைத்துக்கொண்டன. அதனால் இவள் ஒவ்வொன்றாகத் தேடிப் பிடித்து ஊசியில் வினிகர் ஏற்றிக் கொல்கிறாள். அதுதான் அவளுடைய வேலை.

அப்பா ஜாடியை டிவி பக்கத்தில் வைத்தார். அங்கே இருந்த என் கல்யாணப் போட்டோவை நகர்த்திவிட்டுத்தான் வைத்தார். வந்தவர்களிடமெல்லாம், "எம்மக கடலையே காவக் காக்குறா" என்றார். நான் இருபது வருஷமாக அவருடைய காட்டைக் காட்டெருமையிடமிருந்தும் பன்றியிடமிருந்தும் காவல் காக்கிறேன். ஒரு நாள், ஒரு ஆளிடம், அவர் அப்படிச் சொன்னதில்லை. எனக்கு வயிறு எரிந்தது.

மறுநாள் மத்தியானம் அப்பாவும் சுதாவும் ஊருக்குள் யாரையோ பார்க்கப் போயிருந்தார்கள். நான் தனியாக உட்கார்ந்து விதைக்கிழங்கு வெட்டிக்கொண்டிருந்தேன். துண்டுக்கு ஒரு கண்ணாவது இருக்கும்படி வெட்ட வேண்டும், கண் இல்லாத துண்டு முளைக்காது. என்ன நினைத்து எழுந்தேன் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. ஜாடியைத் திறந்து அதைப் பலகைமேல் கவிழ்த்தேன், அதே கத்தியால் வெட்டினேன். கோபத்தில் கன்னாபின்னாவென்று வெட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை, கைப்பழக்கம் விடவில்லை. ஒவ்வொரு துண்டிலும் நடுப்பகுதி கொஞ்சம் இருக்கும்படி, கண் விட்டு வெட்டியிருக்கிறேன். பன்னிரண்டு துண்டு.

பதினொன்றைக் கீழே கேரட் தட்டில், மலைச்சரிவைப் படியாக வெட்டிய நிலத்தைத் தட்டு என்போம், அங்கங்கே போட்டுக் கால் செருப்பால் மண்ணைத் தள்ளி மூடினேன். பன்னிரண்டாவதை எடுக்கும்போது கட்டைவிரலுக்குக் கீழே முள் ஏறிவிட்டது. வலி தாங்காமல் வீசினேன், அது பூண்டுப் பாத்தியைத் தாண்டி ஓடையில் போய் விழுந்தது.

காலி ஜாடியை நானே போட்டு உடைத்தேன். சுதா வந்ததும் ஜாடி விழுந்து உடைந்துவிட்டது, நாய் கவ்விக்கொண்டு போய்விட்டது என்றேன். அவள் வீங்கியிருந்த என் கையைப் பார்த்தாள். வெந்நீர் வைத்து, அதில் என் கையை முக்கிப் பிடித்துக்கொண்டே இருந்தாள். எப்போது குத்தியது என்று கேட்டாள். கத்தி பட்டுவிட்டது என்றேன். மறுநாள் வெறும் போட்டோக்களோடு பள்ளிக்கூடத்துக்குப் போனாள். பேச்சு நன்றாகவே நடந்ததாம், அதையும் அப்பாதான் வந்து சொன்னார்.

மூன்றாம் நாள் வெள்ளனே கேரட் தட்டில் வெள்ளை வட்டங்கள் இருந்தன. உள்ளங்கை அகலம். அப்பா பனி கருக்கிவிட்டது என்றார். பனியில் கருகினால் இலை பழுப்பாகித் தொங்கும், நான் பார்க்காத பனியா. இது அப்படி இல்லை. இலை நிமிர்ந்தே நின்றது, பூச்சிக்கடி இல்லை, பச்சை மட்டும் இல்லை. மத்தியானம் ஒவ்வொரு வட்டமும் முறம் அகலம் ஆகியிருந்தது. எண்ணிப் பார்த்தேன், பதினொன்று.

மூன்று மணிக்கு மூடுபனி இறங்கியது. நான் வரப்பிலேயே நின்றேன். நீங்கள் நம்ப வேண்டாம், ஆனால் என் காலடியில் ஒரு கேரட் செடி வெளுத்ததை என் கண்ணால் பார்த்தேன். எதுவும் அதைத் தொடவில்லை. நுனியிலிருந்து பச்சை அப்படியே கீழே வடிந்துபோனது. ராமேஸ்வரத்தில் ஒரே ஒரு தடவை நான் மோந்த அந்த உப்புக் கவிச்சி அங்கே அடித்தது, ஏழாயிரம் அடி உயரத்தில். என் வயிற்றில் எரிந்ததுதான் வெளியே வந்து படர்ந்துகொண்டிருக்கிறது என்று தோன்றியது.

பனிக்குள்ளிருந்து சுதா வந்தாள். ஒரு கையில் வினிகர் பாட்டில், மறு கையில் மாட்டுக்கு ஊசி போடுகிற பெரிய சிரிஞ்சு. ஒவ்வொரு வட்டத்திலும் மண்டிபோட்டு, நடுவில் கையால் தடவிப் பார்த்து, மண்ணுக்குள் ஊசியை இறக்கினாள். பதினொன்றையும் முடித்துவிட்டு எழுந்தாள்.

"வேற எங்கயாச்சும் கெடக்காக்கா?"

எனக்கு எப்படித் தெரியும் என்றேன்.

"ஒண்ணு விட்டாலும் திரும்ப வந்துரும்க்கா. அதான் கேட்டேன்."

அந்த நிமிஷம் சொல்லியிருக்கலாம். ஆனால் அவள் முழங்காலில் மண்ணோடு நின்ற நிற்பு, என் காட்டையும் அவளே காப்பாற்றிவிட்டாள் என்கிற நினைப்பு, அது எனக்குப் பொறுக்கவில்லை. இல்லை என்று சொல்லிவிட்டேன்.

வட்டங்கள் அதற்குமேல் பெருகவில்லை. அந்த இடத்துக் கேரட்டைப் பிடுங்கினால் அதுவும் வெள்ளை, சொரசொரவென்று, பொடிப்பொடியாக ஓட்டை விழுந்து கல் மாதிரி இருந்தது. மாட்டுக்குப் போட்டோம், மாடு முகத்தைத் திருப்பிக்கொண்டது.

சுதா தீவுக்குப் போய்விட்டாள். நாலு மாதம் கழித்து ஒரு நாள் காலையில் அப்பா பேப்பரில் அவள் போட்டோ வந்திருப்பதைக் கொண்டுவந்து காட்டினார். அவர் அந்தப் பக்கம் போனதும் அதன்மேல் வெங்காயத்தைப் போட்டு நறுக்கினேன். சாயந்தரம் சுதா போன் செய்தாள். அவள் வருஷக்கணக்காகப் பார்த்துப் பார்த்துக் காப்பாற்றி வைத்திருந்த ஒரு பவளத்திட்டில் அன்றைக்குக் காலையில் ஒரு முள்கிரீடம் ஏறி உட்கார்ந்திருந்ததாம். அவள் கிட்டே போனதும் கையில் குத்திவிட்டது, ஆளைப் படகில் தூக்கிப் போட்டுக் கொண்டுவந்திருக்கிறார்கள். எங்கே குத்தியது என்று கேட்டேன். கட்டைவிரலுக்குக் கீழே என்றாள்.

"கையுறையக் கழட்டுனா நம்ம பூண்டு வாசம்க்கா. கொடைக்கானல் பூண்டு. எனக்குத் தெரியாதா அது?"

எங்கள் ஓடை அந்தக் கடலில் போய்ச் சேராது, எதிர்ப்பக்கம் போகிற தண்ணீர் அது, விசாரித்துவிட்டேன். ஆனால் அப்போது அதெல்லாம் தோன்றவில்லை. ஒன்று விட்டுப்போய்விட்டது சுதா, பன்னிரண்டாவது ஒன்று இருந்தது என்று சொல்லிவிட்டேன்.

"அதுல ஒரு பழைய வெட்டு இருந்துச்சுக்கா. நேரா, கண்ணு விட்டு வெட்டுன வெட்டு."

அதைக் கொன்றாயா என்று கேட்டேன். கை வலியில் விட்டுவிட்டேன் என்றாள். அதற்கப்புறம் அந்தப் பேச்சை நாங்கள் எடுத்ததே இல்லை. அவள் தினமும் அதே இடத்தில்தான் கடலில் இறங்குகிறாள்.

போன வாரம் அவளை வெளிநாட்டுக்கு, இதே வேலைக்கு, பெரிய பொறுப்பில் கூப்பிட்டிருக்கிறார்கள் என்று அப்பா சொன்னார். எனக்கு முதலில் வந்தது சந்தோஷம்தான் என்று உங்களிடம் சத்தியம் பண்ண ஆசையாக இருக்கிறது. இரண்டாவதாக வந்ததை உடனே அழுத்தி உள்ளே தள்ளினேன், சாமி சத்தியமாகத் தள்ளினேன். ஒரு மணி நேரத்தில் சுதாவிடமிருந்து போட்டோ வந்தது. பச்சையும் ஊதாவுமாகப் பவளம், நடுவில் உள்ளங்கை அகலத்துக்குப் புதிதாக ஒரு வெள்ளை வட்டம். இது ஐந்தாவது போட்டோ. எனக்குள் எரிகிற நாளெல்லாம் சரியாக ஒன்று வந்துவிடுகிறது, எதன் கீழும் அவள் ஒரு வார்த்தை எழுதுவதில்லை. எல்லாம் இந்தப் போனில்தான் இருக்கிறது, வேண்டுமானால் நீங்களே பாருங்கள்.