முன்கதவை மான் கொண்டுபோன காலை

கோதுமை மாவைத் தண்ணீரில் கரைத்து அடுப்பில் வைத்துக் கிண்டிக்கொண்டிருந்தேன். மகளின் பள்ளிக்கூட ஒப்படைக்குப் பசை. கடையில் வாங்கிய பசைப் போத்தலில் எழுதியிருந்ததை முழுக்க வாசித்துப் பார்த்தேன். பாதி விளங்கவில்லை. விளங்காத ஒன்று பிள்ளையின் விரலில் படலாமா என்று யோசித்து அதை அலுமாரியின் மேல்தட்டில் வைத்தேன். அங்கிருந்து தலையில் விழுந்தால் என்று யோசித்துப் பிறகு கீழே எடுத்தேன். நீங்கள் சிரிப்பது எனக்குத் தெரிகிறது.

மாக்கஞ்சி கொதித்துக் கண்ணாடி மாதிரி வரும்போது ஒரு வாசனை எழும். மற்றவர்களுக்கு அது எதை நினைவூட்டுமோ தெரியாது. எனக்கு மான்தான் ஞாபகம் வரும்.

கலியாணத்துக்கு முன் பழைய கட்டடங்களைப் பாதுகாக்கும் ஓர் அலுவலகத்தில் வேலை பார்த்தேன். துறைமுகத்தடி வீதியை அகலமாக்க வந்தார்கள். குறுக்கே நின்ற பழைய பலகை வீடு ஒன்றை இடிக்காமல், துண்டு துண்டாகக் கழற்றி, கோட்டைப் பக்கத்து வெளியில் திரும்பப் பூட்டுவது என்று முடிவானது. வீட்டைக் கழற்றுகிறோம் என்று அம்மாவிடம் பெருமையாகச் சொன்னேன். அம்மா, நல்ல வேலை வேறொன்றும் கிடைக்கவில்லையா என்று கேட்டார்.

கழற்றும் ஒவ்வொரு பலகைக்கும் பெயர் வேண்டும். இல்லாவிட்டால் திரும்பப் பூட்ட ஏலாது. ஆணி அடித்தால் மரம் கெடும், பெயின்ற் போகாது, சோக்கு மழையில் கரையும். கூட்டம் போட்டுக் கதைத்துக் கதைத்துக் களைத்த பிறகு, எங்கள் தட்டச்சாளர் புஷ்பம் அக்கா கஞ்சிப் பசையில் கடதாசி ஒட்டுவோம் என்றார். மரத்துக்கு ஒரு கேடும் வராது. அந்த வீட்டைப் பற்றி அவர் சொன்னால் மறுப்பதில்லை, ஏனென்றால் அவர் பிறந்ததே அதற்குள்தான். அவரே அலுவலகக் குசினியில் ஒரு பெரிய பானையில் பசை காய்ச்சினார். புளித்துப் போகாதிருக்கத் தாராளமாக உப்பும் போட்டார். அடுத்த நாள் மகளின் பிள்ளைப்பேற்றுக்கென்று லீவு போட்டுவிட்டு வவுனியாவுக்குப் போனார்.

கடதாசித் துண்டுகளில் பெயர்களை எழுதியது நான். உரிந்துவிடுமோ என்ற பயத்தில் ஒவ்வொன்றுக்கும் இரண்டு தரம் பசை பூசினேன். பலகைகளைக் கோட்டைப் பக்கத்து வெளியில் அழகாக அடுக்கிவிட்டு வீட்டுக்குப் போனோம்.

திருகோணமலையில் பிறந்தவர்கள் நாங்கள். பஸ் நிலையத்தில் பணிஸ் தின்னும் மான், கடற்கரையில் கச்சான் கடலைச் சுருளைக் கடதாசியோடு விழுங்கும் மான், எல்லாம் பார்த்து வளர்ந்தவர்கள். அந்தக் கூட்டத்தில் ஒருவருடைய வாயிலும் மான் என்ற சொல் வரவில்லை.

காலையில் போனபோது பலகைகள் எல்லாம் நக்கித் துடைத்துப் பளபளவென்று கிடந்தன. ஒரு கடதாசியும் இல்லை. மான் கூட்டம் வயிறு நிறைந்து புல்லில் படுத்திருந்தது. ஒன்று மட்டும் எழுந்து நின்று எங்களைப் பார்த்தது. அதன் கன்னத்தில் என் கையெழுத்தில் 'முன்கதவு' என்று ஒட்டியிருந்தது.

கிண்ணியாவிலிருந்து வந்த தச்சர்களின் தலைவர் நிஸ்தார் நானா நிதானமாகச் சொன்னார்: "தங்கச்சி, முன்கதவு போகுது. புடிங்க."

ஓடினேன். மான் பிடிபடுமா.

வரைபடத்தை அனுமதிக்காகக் கொழும்புக்கு அனுப்பியிருந்தோம், அங்கே அது தொலைந்துபோனதாம். கைபேசியில் எடுத்த படங்களைத் தேடினால், எதிலும் வீடு இல்லை. வீட்டை மறைத்துக்கொண்டு நாங்கள்தான் பல்லைக் காட்டி நின்றோம். நானா ஒவ்வொரு பலகையாகப் பொருத்திப் பார்த்து, பொருந்தாததற்கு ஏசி, எப்படியோ வீட்டை எழுப்பிவிட்டார். கடைசியில் இரண்டு கதவுகள் மிஞ்சின. ஒரே அளவு. ஒன்று முழுக்கதவு, மற்றது இடுப்பளவில் மேலும் கீழுமாகப் பிரிந்த அரைக்கதவு. எது முன்பக்கம்? புஷ்பம் அக்காவின் போன் வேலை செய்யவில்லை. அரைக்கதவில்தான் ஒரு பழைய களை இருக்கிறது என்று நானா சொன்னார். அதையே முன்னால் பூட்டினோம்.

கொழும்புத் தலைமை அலுவலகத்திலிருந்து பெரியவர் பார்க்க வந்தார். பழைய உருவில் இல்லையென்றால் கோப்பை மூடிவிடுவார்கள், மரமெல்லாம் ஏலத்துக்கு, அந்த வெளி வாகனத் தரிப்பிடத்துக்கு. அது எல்லோருக்கும் தெரியும். அன்றைக்குத்தான் புஷ்பம் அக்காவும் லீவு முடிந்து நேரே பஸ்ஸிலிருந்து இறங்கி வந்தார். பெரியவர் அவரைக் கூப்பிட்டு, நீங்கள் பிறந்த வீடு இப்படித்தான் இருந்ததா என்று கேட்டார்.

அக்கா அரைக்கதவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். என் முகம் எப்படி இருந்ததோ.

"ஓம் சேர்," என்றார். "அப்பிடியேதான்."

பெரியவர் கையெழுத்து வைத்துவிட்டுப் போனார். நான் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு போய் அக்காவின் பக்கத்தில் நின்றேன்.

"அது எங்கட குசினிக் கதவு பிள்ளை," என்றார். "ஆடு உள்ளுக்க வந்து சோத்துப் பானையில வாய் வைக்குதெண்டு அப்பா வாளால ரெண்டா அறுத்தவர். அம்மா ஒரு கிழமை அப்பாவோட கதைக்கேல்ல."

மாற்றிப் பூட்டுவோமா என்று கேட்டேன்.

"வீடு நிக்குதுதானே. கதவு எங்க நிண்டா என்ன."

இப்போது அந்த வீட்டு முன்னால் ஓர் அறிவிப்புப் பலகை இருக்கிறது. ஒல்லாந்த அதிகாரிகள் அரைக்கதவின் மேற்பாதியை மட்டும் திறந்து மக்களின் குறைகளைக் கேட்டார்களாம். மகளின் வகுப்பைக் கூட்டிக்கொண்டுபோய்க் காட்டியிருக்கிறார்கள். அவளுடைய ஒப்படை, அட்டையில் செய்த அந்த வீடுதான். தொப்பி வைத்த ஒரு துரையை அட்டையில் வெட்டி அரைக்கதவுக்குப் பின்னால் ஒட்டிவிட்டாள்.

ஆசிரியைக்குச் சொல்வதா, விடுவதா என்று இரண்டு நாளாக யோசித்தேன். சொன்னால் பிள்ளைக்குப் புள்ளி குறையுமோ. சொல்லாவிட்டால் பொய் சொல்லிக் கொடுத்த தாயாவேனோ. கேட்டுப் பார்க்கவும் ஆளில்லை. புஷ்பம் அக்கா போன வருடம் காலமாகிவிட்டார். நானா மகனோடு புத்தளத்துக்குப் போய்விட்டார். அந்த அலுவலகமே இப்போது இல்லை. அந்தக் குசினியும், ஒரு கிழமை நீண்ட அந்தக் கோபமும், சோற்றுப் பானையைத் தேடி வந்த ஆடும் எந்தப் பலகையிலும் எழுதப்படவில்லை.

பசை ஆறியிருந்தது. மிச்ச அட்டையில் ஓர் ஆட்டை வெட்டி, கதவின் கீழ்ப்பாதிக்கு முன்னால், துரையைப் பார்த்தபடி ஒட்டினேன்.

"அம்மா, இது என்னத்துக்கு?" என்றாள் மகள்.

"அது உள்ளுக்க வரப் பாக்குது," என்றேன்.