ஆடியில் மூடிய பெட்டி

பெட்டியைத் திறந்தபோது அந்த அறையில் இருந்தவர்கள். பெட்டிக்குள் வாத்தியார். தலைமாட்டில் அவர் மனைவி. ஜன்னல் பக்கம் எதிர் ஃப்ளாட்டு டாக்டரம்மா. சோபாவில், தலையணையில் சாய்த்து வைத்த போனில் வாத்தியாரின் மகன். அங்கே அவனுக்கு விடியற்காலை. சாவியில் கை வைத்தபடி என் வீட்டுக்காரர். அவர் விழுந்துவிடாமல் முதுகைத் தாங்கிக்கொண்டு நான்.

காலத்தை நிறுத்துகிற பெட்டியைச் செய்தவர் என் வீட்டுக்காரர்தான். மாமல்லபுரத்தில் ஃபிரிட்ஜ் மெக்கானிக். ஹோட்டல்களுக்குப் போய் வேலை செய்வார். நான் ஐந்தாவது வரை படித்தவள். பெட்டி எப்படி வேலை செய்கிறது என்று கேட்டால் எனக்குத் தெரியாது. பழைய ஃபிரிட்ஜ் கூடு, செம்புக் கம்பி, பக்கத்தில் ஒரு சாவி. எதையாவது ஓதி ஊதினாரா என்று ஊரில் கேட்டார்கள். அவர் தொழுகையையே பாதி நாள் விட்டுவிடுவார். சாவியைத் திருகும்போது வாய்க்குள் ஏதோ முணுமுணுப்பார். என்னவென்று நான் கேட்டதில்லை.

முதலில் மீனை வைத்தார். உயிரோடு வைத்த வஞ்சிரம் நாலு நாள் கழித்துத் திறந்தபோதும் துடித்தது. ஐஸ் விற்கிறவர்கள் வந்து இவர் கடை ஷட்டரை உதைத்துவிட்டுப் போனார்கள்.

பிறகு பக்கத்துத் தெருவில் ஒரு அம்மாவுக்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. மகன் சவுதியில். அவன் வந்து சேர மூன்று நாள் ஆகும். இவர் பெட்டியை நீளமாகச் செய்து எடுத்துப் போனார். அந்த அம்மாவைப் படுக்க வைத்துச் சாவியைத் திருகினார். மகன் வந்து பக்கத்தில் நின்ற பிறகு திறந்தார். அம்மாவுக்குக் கண்ணை மூடித் திறந்த நேரம்தான். மகன் கையால் தண்ணீர் குடித்துவிட்டு அஸர் தொழுகைக்கு முன்னால் போய்ச் சேர்ந்தார்.

அதிலிருந்து வீட்டுக்கு ஆட்கள் வந்தார்கள். திட்ட வந்தவர்கள், கூப்பிட வந்தவர்கள். திட்டினவரே மறு வாரம் கூப்பிட வந்ததும் உண்டு. டிவியில் இரண்டு பேர் உட்கார்ந்து இது வைத்தியமா கொலையா என்று சண்டை போட்டார்கள். பள்ளிவாசல் அஜரத் ஒரு நாள் வந்தார். நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

"மலக்குல் மவுத்த வாசல்ல நிக்க வெக்கிறியே, இது இன்னா தொழிலு?"

"நிக்கட்டும் அஜரத். ஒரு டீ குடுத்து உக்கார வெக்கிறேன்."

"உயிர வாங்க வர்றவரு. உனக்கு வெளாட்டா கீதா?"

"வெளாட்டு இல்ல அஜரத். புள்ள மொகத்த பாத்துட்டு போவட்டும்னுதான்."

அஜரத் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

இதற்கு என்ன செலவாகிறது என்று முதலில் கண்டது சலூன்காரர்.

"இன்னா பாய், முந்தா நேத்துதான செரச்சி வுட்டேன்? தாடிக்கு உரம் கிரம் போடுறியா?"

நகமும் அப்படித்தான். வெட்ட வெட்ட வளர்ந்தது. பெட்டிக்குள் காலம் ஒரு நாள் நின்றால் இவர் உடம்பில் ஒரு மாதம் போகிறது. அவருக்கு முன்னாலேயே தெரியும். எனக்குத்தான் சொல்லவில்லை.

"ரெண்டு நாளு, மூணு நாளு வெக்கிறேன். ரெண்டு மூணு மாசம் போனா இன்னா இப்ப?"

காதோரம் நரைத்தது. விட்டுவிடச் சொன்னேன். சரி என்றார். அடுத்த ஆள் கூப்பிட்டதும் கிளம்பினார்.

வாத்தியார் வீடு கேளம்பாக்கத்தில், நாலாவது மாடி. கணக்கு வாத்தியாராக இருந்து ரிட்டயர் ஆனவர். ஆடி மாதம் அவருக்கு முடியாமல் போனது. இன்றோ நாளையோ என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். ஒரே மகன், அமெரிக்காவில். ஞாயிற்றுக்கிழமை ஃப்ளைட் என்றான்.

மூடி இறங்கும்போது வாத்தியார் இவரைப் பார்த்து, "தம்பி, அவன் கிளம்பிட்டானா?" என்றார்.

"கெளம்பிட்டாரு சார்" என்று சொல்லி இவர் மூடினார்.

ஞாயிற்றுக்கிழமை மகன் வரவில்லை. விசாவில் ஏதோ சிக்கல். வந்தால் திரும்பிப் போக முடியாதாம். அடுத்த மாதம் சரியாகிவிடும் என்றான். அடுத்த மாதமும் அதைத்தான் சொன்னான். கெட்டவன் இல்லை. போனில் அழுவான்.

வெள்ளிக்கிழமை தோறும் ஜும்மா தொழுகை முடிந்து இவர் போய்ச் சாவி கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் பெட்டி தானாகத் திறந்துகொள்ளும்.

"போவாதீங்க" என்றேன்.

"போவலன்னா அவரு பூடுவாரு. அவங்க வாயால தொறன்னு சொல்லணும். இல்லாட்டி நான் கொன்னா மாதிரி."

"மூடி வெச்சா நீங்க போயிடுவீங்க."

பல் ஒன்று ஆடுகிறது என்றார்.

மழைக்காலம் முடிவதற்குள் தலை முழுக்க வெள்ளை. தை மாதத்தில் பற்கள் போயின. ஏசிக்கொண்டிருந்தவர்கள் ஏசுவதை நிறுத்திவிட்டார்கள். இவரைப் பார்த்தால் எதிர்ப்பக்கம் போனார்கள். மாசியில் தனியாகப் படி இறங்க முடியவில்லை. அப்புறம் நானும் கூடப் போனேன்.

பஸ்ஸில் கண்டக்டர், "யம்மா, அப்பாவ ஜன்னலாண்ட உக்கார வை" என்றார்.

இவர் சிரித்தார். "பாத்தியா, நீ இன்னும் சின்னப் பொண்ணாத்தான் கீற."

எனக்குச் சிரிப்பு வரவில்லை.

சித்திரையில் ஒரு வெள்ளி. லிஃப்ட் வேலை செய்யவில்லை. நாலு மாடியும் நின்று நின்று ஏறினோம். சாவியைத் திருக அவருக்கு இரண்டு கையும் வேண்டியிருந்தது. வாத்தியார் மனைவி காபியோடு நின்று பார்த்தார். வாரா வாரம் பார்த்தவர்தான். அன்றைக்குத்தான் கேட்டார்.

"இவருக்கு என்ன வயசும்மா?"

சொன்னேன்.

காபியைக் கீழே வைத்தார். சமையலறைக்குப் போனார். குழாயில் தண்ணீர் ஓடுகிற சத்தம் ரொம்ப நேரம் கேட்டது. வெளியே வந்து மகனுக்குப் போன் போட்டார்.

"இன்னிக்கு போன்லயே பாத்துக்கோப்பா. அப்பாவை அனுப்பிடலாம்."

"இன்னும் ஒரே ஒரு வாரம்மா."

"அந்த ஒரு வாரம் உன்னுது இல்லடா."

எதிர் ஃப்ளாட்டிலிருந்து டாக்டரம்மாவைக் கூட்டி வந்தார். போனைச் சோபாவில் வைத்தார். பிறகு இவரிடம், "திறந்துடுங்க" என்றார்.

இவர் சாவியை மறுபக்கம் திருப்பினார். மூடி எழுந்தது. வாத்தியாரின் கண் ஆடியில் எங்கே இருந்ததோ அங்கேயே இருந்தது. இவரைத்தான் பார்த்தார்.

"பெரியவரே, நீங்க யாரு? இங்க ஒரு தம்பி நின்னாரே."

மூடின அன்றைக்குப் போட்ட அதே நீலச் சட்டைதான் இவர் போட்டிருந்தார். பையில் அதே டெஸ்டர். வாத்தியார் அதைப் பார்த்தார். திரும்ப முகத்தைப் பார்த்தார்.

"அப்ப அவன் வரலை" என்றார்.

மனைவி போனை முகத்துக்கு நேரே பிடித்தார். மகன் "அப்பா, அப்பா" என்றான்.

"சாப்டியாடா?" என்று கேட்டார் வாத்தியார். அவன் என்ன சொன்னான் என்று கேட்டாரோ இல்லையோ. என் வீட்டுக்காரர் கையைத் தடவிப் பிடித்துக்கொண்டார். அந்தப் பிடியிலேயே போனார். டாக்டரம்மாதான் விரலைப் பிரித்துவிட்டார்.

போன வருஷங்கள் இவருக்குத் திரும்பவில்லை. வீட்டுக்கு வந்து செம்புக் கம்பியை எல்லாம் உருவிப்போட்டார். கூப்பிட வந்தவர்களைத் திருப்பி அனுப்பினார். ஆவணியில் ஒரு காலை எழுந்திருக்கவில்லை.

குளிப்பாட்டிக் கபன் துணி உடுத்தினார்கள். முகத்தைப் பார்த்துவிட்டு வந்தவர்கள் எழுபது இருக்குமா என்று பேசிக்கொண்டார்கள். அடக்கம் செய்கிற கபுர்ஸ்தான் பதிவில் எழுத வேண்டும் என்று அஜரத் வாசலில் வந்து நின்றார்.

"வயசு இன்னாம்மா?"

கதவுக்குப் பின்னால் இருந்து சொன்னேன்.

நாற்பத்து மூன்று.