தோல்கன்றுக்குப் பதிலாக நான்

உப்பும் மஞ்சளும் பழந்தோலும் கலந்த அந்த வாடை தெருமுனையில் கிளம்பியதுமே நான் வீட்டுக்குள் ஓடிவிடுவேன். பால்காரர் சாத்தையா மாட்டைப் பிடித்துக்கொண்டு வருகிறார், அவர் கக்கத்தில் ‘அது’ வருகிறது என்று அர்த்தம். கறந்த பாலைக் கொண்டுவந்தால் தண்ணீர் கலந்திருப்பார் என்று எவரும் வாங்காத காலம். புதுக்கோட்டையில் மாடே வீடு வீடாக வந்து, வாசலில் நின்று, எங்கள் கண்ணெதிரே கறந்தது. கன்று செத்த மாடு ‘சொரப்பு’ விடாது, மடியில் பால் இறங்காது என்பதால், அந்தக் கன்றின் தோலில் வைக்கோலைத் திணித்து அதன் முன்னால் நிறுத்துவார். கண் இருந்த இடத்தில் இரண்டு ஓட்டைகள். மாடு அதை நக்கும். நான் கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொள்வேன். ஏழு வயதில் என் வீரம் அவ்வளவுதான். பிறகும் பெரிதாக வளரவில்லை.

ஒரு மழைக்காலக் காலையில் சாத்தையா வெறும் தோலோடு வந்தார். தையலை நாய்கள் பிய்த்துவிட்டனவாம். திணித்தாலும் வைக்கோல் நிற்காது. தோலைக் காட்டியும் மாடு மசியவில்லை. உள்ளே என் கைக்குழந்தைத் தங்கை அழுது அழுது குரல் கம்மிக் கிடந்தாள். ஆத்தாவுக்குக் காய்ச்சலில் பால் வற்றியிருந்தது. வேறு மாட்டுப் பால் எதைக் கொடுத்தாலும் குழந்தை கக்கியது.

சாத்தையா என்னை மேலும் கீழும் அளந்தார்.

“தம்பி, சித்த குனிஞ்சு நில்லுங்க. கன்னுக்குட்டி ஒசரந்தான் இருக்கீங்க.”

“ஆத்தா, நான் மாட்டேன்!”

“ஒந் தங்கச்சி பசியில தொவண்டு கெடக்கா, நீ தொரையாட்டம் நிக்கிறியா?” என்றாள் ஆத்தா. “குனிடா!”

தோல் என் முதுகில் ஈரமாக விழுந்தது. மாட்டின் மூச்சு காதில் சுட்டது. பிறகு அரம் போன்ற நாக்கு பின்கழுத்தில் இழுத்தது. நான் அதன் பிள்ளையில்லை என்று இதோ தெரிந்துவிடும், அடுத்து கொம்புதான் என்று மூச்சை அடக்கி நின்றேன். செம்பில் ‘சொர்ர்’ரென்று சத்தம் கேட்டது.

“அசையாதீங்க தம்பி, எறங்குது!”

தங்கை பிழைத்தாள். என் பயம்தான் தீரவில்லை. மறுநாள் தைத்துக் கொண்டுவந்த தோல்கன்றை அந்த மாடு ஏறெடுத்தும் பார்க்காமல், எங்கள் வாசலில் நின்று, நான் வெளியே வரும்வரை கத்தியது.

“பெத்த பாசம் தம்பி!” என்று சிரித்தார் சாத்தையா. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

இன்று பால் பாக்கெட்டில் வருகிறது; விடிவதற்குள் கேட்டில் தொங்கும் பையில் சத்தமில்லாமல் விழுகிறது. எந்த மாடு, யார் கறந்தது, தெரியாது. பாலா இது, தண்ணீரா என்று தங்கை கணீரென்ற குரலில் என்னிடம் சண்டை பிடிக்கிறாள். வாசலில் நின்று என்னைக் கூப்பிட எதுவும் வருவதில்லை. ஆனாலும் சலூனில் பின்கழுத்தில் கத்தி படும்போதெல்லாம், மூச்சை அடக்கிக்கொண்டு அசையாமல் கன்றாகவே உட்கார்ந்திருக்கிறேன்.