இஞ்சினைப் போடுங்க

கரைத்தீவில் எங்கள் அகதி முகாமுக்கு முன்னால் வரும்போதெல்லாம் மீனவர்கள் இஞ்சினை நிறுத்திவிட்டுத் தடி ஊன்றித்தான் படகைத் தள்ளுவார்கள். எனக்காக. இஞ்சின் சத்தம் கேட்டால் நான் காதைப் பொத்திக்கொண்டு குந்திவிடுவேன் என்று எல்லாருக்கும் தெரியும். நல்ல மனிசர்கள்தான். ஆனால் அந்த நல்ல மனசுதான் என்னை மூன்று வருசமாகக் கொட்டிலுக்குள்ளேயே வைத்திருந்தது.

வடக்கிலிருந்து எங்களைத் துரத்தியபோது படகில்தான் வந்தோம். நடுக்கடலில், மழையில், வாப்பா என் மடியில் மூச்சுக்குத் தவித்தார். நிப்பாட்டுங்க, நிப்பாட்டுங்க என்று கத்தினேன். இஞ்சின் இரைச்சலில் ஓட்டியவருக்குக் கேட்கவே இல்லை. கரை சேர்ந்தபோது வாப்பா மௌத்தாகியிருந்தார்.

பிறகு உச்சமுனைப் பள்ளிக்கூடத்துக்கு எனக்கு ஆசிரியர் நியமனம் வந்தது. அது ஒரு தீவு; களப்புத் தண்ணீரைப் படகில்தான் தாண்டவேண்டும். முதலாம் திகதி போய்ச் சேராவிட்டால் வேலை இல்லை. அந்த வேலையே வேண்டாம் என்று உம்மா அழுதார். எனக்கு வந்ததே ஒரு கோபம். ஊரை விட்டுத்தான் துரத்தினார்கள், இப்போது ஒரு சத்தம் வேலையை விட்டும் துரத்துவதா?

முகாமுக்கு வந்துபோன உளவளத்துணை மிஸ்ஸிடம் போனேன். பயத்துக்குப் பக்கத்தில் கொஞ்சம் கொஞ்சமாகப் போங்கள், அது அடங்கும்வரை எழும்பாதீர்கள், பயம் எவ்வளவு என்று ஒவ்வொரு நாளும் நூற்றுக்குப் புள்ளி போடுங்கள் என்றார். ஊரிலும் படிப்பித்த டீச்சரல்லவா, புள்ளி போடுவது மட்டும் லேசாக வந்தது. மணலில் கிடந்த படகுக்குப் பக்கத்தில் நின்றபோது நூற்றுக்கு எண்பது. கட்டிவைத்த படகில் கண்ணை மூடி ஓதிக்கொண்டிருந்தேன். திறந்துகொண்டு ஓதச் சொன்னார். ஓதினேன். படகில் கரையோரமாகப் போய்ப் பார்த்தபோது இருபதுக்கு இறங்கிவிட்டது.

ஆனால் இஞ்சின் போடாமல் எடுத்த இருபது அது. படகுக்கார நானா பாவம் பார்த்துத் தடிதான் ஊன்றினார். மிஸ்ஸிடம் அதை நான் சொல்லவில்லை. பார்த்து எழுதிவிட்டுக் கெட்டித்தனம் காட்டும் பிள்ளையைப்போல் இருந்துவிட்டேன்.

முதலாம் திகதி காலை நியமனக் கடிதத்தைப் பொலித்தீன் பையில் சுற்றிக்கொண்டு ஏறினேன். தடி எட்டாத ஆழம் வந்ததும் நானா படகைத் திருப்பப் பார்த்தார்.

"இஞ்சினைப் போடுங்க நானா."

"உங்களுக்கு ஏலாது டீச்சர்."

"ஏலாட்டி அது என்ட பாடு. போடுங்க."

போட்டார். வாப்பாவின் பாரம் அப்படியே மடியில் விழுந்தது. நூற்றுக்கு நூறு; நான் எந்தப் பிள்ளைக்கும் போடாத புள்ளி. கண்ணை மூடவில்லை, காதைப் பொத்தவில்லை. அழுதேன், ஓதினேன், அசையாமல் இருந்தேன். தொண்ணூறானது. வெகுநேரம் தொண்ணூறிலேயே நின்றது. எழுபதுக்கு வந்தபோது தீவின் தென்னைகள் தெரிந்தன. அப்போது அடிவயிற்றிலிருந்து கத்தினேன்.

"நிப்பாட்டுங்க!"

உடனே இஞ்சின் நின்றது. நானா பதறித் திரும்பினார்.

"என்ன டீச்சர்?"

"ஒண்டுமில்ல. கேக்குதா எண்டு பாத்தன். போடுங்க, போவம்."