கோட்டைக் கிணத்துக் கயிறு

பேய், முனி, காத்துக் கருப்பு எதையும் நான் நம்புனவன் கிடையாது. இதை முதல்லயே சொல்லிர்றேன், இல்லாட்டி பாதிக் கதையில "ஏதோ பயந்த சுபாவம் போல"ன்னு என்னை ஒதுக்கிருவீங்க. பதினாறு வயசுல இருந்து கெணறு வெட்டவும் தூர் எடுக்கவும் போனவன் நான். ஆளு விழுந்து செத்துச்சுன்னு ஊரே எட்டிப் பாக்காத கெணத்துல எல்லாம் எறங்கி, அடியில உக்காந்து கட்டுச்சோறு தின்னுட்டு, கையக் கழுவிட்டு மேல வந்திருக்கேன். எனக்கு ஒண்ணும் ஆகல. அதனால நம்புறதும் நம்பாததும் உங்க இஷ்டம், நான் நடந்ததச் சொல்றேன்.

நானும் என் தம்பி பாண்டியும்தான் ஜோடி. அவன் எறங்குவான், நான் மேல நின்னு கயிறு பிடிப்பேன். அறுபது அடிக்குக் கீழ போயிட்டா பேச்சு வெளங்காது, எதிரொலிதான் வரும். அதனால எங்களுக்குள்ள ஒரு கணக்கு. கயித்த ஒரு தடவ இழுத்தா, இன்னும் அடி எட்டல, கயிறு விடுன்னு அர்த்தம். ரெண்டு தடவ இழுத்தா மேல தூக்கு. அவ்வளவுதான். நான் கயித்த ஆட்காட்டி வெரல்ல ஒரு சுத்து சுத்தி வச்சுக்குவேன், அவன் லேசா அசைச்சாக்கூட வெரலு சொல்லிரும். பரளச்சி, ரெட்டியபட்டி, திருச்சுழி வரைக்கும் எத்தனையோ கெணறு, ஒரு நாளும் வெரல எடுத்ததில்ல. அவன் என்னத்தான் குடிச்சாலும், சண்ட போட்டாலும், கெணத்துக்குள்ள எறங்குறப்ப மட்டும் ஒரு தடவ நிமிந்து என் கையப் பாப்பான்.

அப்புறம் எங்க பக்கம் கெணறெல்லாம் காஞ்சு, போர் போடுற காலம் வந்துருச்சு. நான் பாளையம்பட்டியில மோட்டாருக்குக் காயில் சுத்துற கடை போட்டு உக்காந்துட்டேன். பாண்டி ரிக்கு லாரியில போனான். ரிக்குல இருந்து ஆப்பிரிக்காவுக்கு. எந்த நாடுன்னு நான் சொல்லல, அங்க இன்னமும் நம்ம பக்கத்துப் பயலுக வேலை பாக்குறாங்க. ஏஜென்ட்டுகிட்ட அவனக் கூட்டிட்டுப் போயி கையெழுத்துப் போட வச்சது நான்தான். அதையும் சொல்லிர்றேன்.

ஏழு வருசத்துக்கு முன்னாடி ஒரு மத்தியானம் போன் பண்ணான். ஒரே காத்துச் சத்தம்.

"அண்ணே, ரிக்கு பழுதாயிப் போச்சு. இங்க மொட்டப் பாறை மேல ஒரு இடிஞ்ச கோட்டை இருக்குண்ணே. வாசல்ல ஒரு பீரங்கி பாதி மண்ணுக்குள்ள பொதஞ்சு கெடக்கு. வயிறு பெருத்த மரம் மூணு நிக்கிது, நம்ம ஏட்டய்யா மாதிரி."

"அதப் பாக்கவாடா போன?"

"கேளுண்ணே. கோட்டைக்குள்ள கல்லுக் கெணறு ஒண்ணு. பாதி வரைக்கும் படி, நம்மூருக் கெணறு மாதிரியே. உள்ளூர் சனம் ஒண்ணும் கிட்ட வர மாட்டேங்குது. தூர் எடுத்தாத் தண்ணி வரும்னு கம்பெனியில சொல்றாக. நான்தான் எறங்கப் போறேன்."

"கயிறு யாருடா பிடிக்கிறா?"

சிரிச்சான். "யாராச்சும் பிடிப்பாகண்ணே."

அவ்வளவுதான். அப்புறம் போன் இல்ல, ஆளும் இல்ல. கம்பெனியில கேட்டதுக்கு, முகாம விட்டு அவனாப் போயிட்டான்னுட்டாங்க. கோட்டையாவது கெணறாவது, அப்படி ஒரு எடத்துல எங்களுக்கு வேலையே இல்லன்னு சாதிச்சிட்டாங்க. செல்போன் மேப்புல தேடுனா அந்தப் பக்கமே மஞ்ச மஞ்சேர்னு ஒண்ணும் இல்லாமக் கெடக்கு.

இங்கதான் புத்தகம் வருது. டவுனுல பழைய பேப்பர் கடை வச்சிருக்கிற நாகராசு என் கூட்டாளி, எடைக்கு எடுக்கிற யாவாரம். ஒரு நாள் அவன் கடையில டீ குடிச்சிக்கிட்டே கையில கெடச்ச ஒரு இங்கிலீசுப் புத்தகத்தப் பொரட்டுனேன். வெள்ளைக்காரன் ஆப்பிரிக்காவுல நடத்துன சண்டையப் பத்தினது. உள்ள மடிச்சு வச்ச மேப்பு ஒண்ணு, அதுல ஊரு பேரவிட கெணத்துப் பேருதான் அதிகம். வானம் பாத்த பூமியில பொறந்தவனுக்கு இத யாரும் சொல்லித் தர வேண்டாம், வறண்ட நாட்டுல படை நடக்கணும்னா கெணத்துல இருந்து கெணத்துக்குத்தான் நடக்கணும். எங்க இருக்கு, எத்தன அடி, நல்ல தண்ணியா உப்பா, எல்லாம் எழுதி வச்சிருக்கான். இப்ப உள்ள மேப்புல இல்லாத கெணறு அப்ப உள்ள மேப்புல இருக்குமில்ல?

அன்னையில இருந்து ஆப்பிரிக்கா, சண்டை, கோட்டைன்னு எது வந்தாலும் நாகராசு எனக்குன்னு எடுத்து வச்சிருவான். மதுரையில பழைய பங்களா காலி பண்ணுனா அந்த லோடுல ரெண்டு மூணு கண்டிப்பா கெடைக்கும். "ஏலே, ஒன் பட்டாளம் வந்து எறங்கியிருக்கு, வந்து அள்ளிட்டுப் போ"ம்பான். நான் எட்டாப்பு. போனப் பக்கத்து மேல பிடிச்சா இங்கிலீசு தமிழாயிரும், அப்படித்தான் படிச்சேன். அந்தத் தமிழு இருக்கே, கேக்காதீங்க. "தூண் அதிகாலையில் புறப்பட்டு முப்பது மைல் நடந்தது"ன்னு போட்டிருக்கும். தூணு எப்படிய்யா நடக்கும்னு நானும் செல்வியும் சிரிச்சிருக்கோம். பொறகுதான் படைவரிசையச் சொல்றான்னு பிடிபட்டுச்சு, இங்கிலீசுல ரெண்டுக்கும் ஒரே வார்த்தையாம்.

செல்வி பாண்டி பொண்டாட்டி. பரளச்சியில இருந்து காலை பஸ்ஸுக்கு வந்து என் கடையிலதான் காயில் சுத்துது. செம்புக் கம்பி அது வெரல்ல போறப்ப இறுக்கமும் இல்லாம தொய்வும் இல்லாமப் போகும், இந்தச் சுத்துவட்டாரத்துல அப்படி ஒரு கை கெடையாது.

ஆறு வருசத்துல நாப்பது புத்தகத்துக்கு மேல பாத்துட்டேன். படிச்ச வரைக்கும் ஒண்ணு சொல்றேன், அந்தச் சண்டையில செத்த தொரைமாருக்கெல்லாம் பேரு இருக்கு, ஒருத்தரு குதிரைக்குக்கூட பேரு இருக்கு. சுமை தூக்கிட்டுப் போயி செத்தவன், ரோடு போட்டுச் செத்தவன், நம்ம நாட்டுல இருந்து கப்பல்ல ஏத்திட்டுப் போயி கெணறு வெட்ட விட்ட கூலி, அவங்களுக்கு "மற்றவர்கள்". அந்த வார்த்தை வந்தா மேல படிக்க மாட்டேன். மூடி வச்சிட்டு மோட்டாரத் தூக்கிருவேன்.

போன வருசம் என் மகளுக்குத் தை மாசம் கல்யாணம்னு பேசி முடிச்சோம். பங்காளிக கூடிட்டாக. வீட்டுல ஒருத்தன் இருக்கானா செத்தானான்னு தெரியாம எப்படி நல்ல காரியம் பண்றது, வைக்கோல்ல ஆளு செஞ்சு சுடுகாட்டுல வச்சு எரிச்சு கருமாதிய முடிச்சிருங்கன்னாக. முடிச்சா செல்வி தாலியக் கழட்டணும். அது எல்லாருக்கும் முன்னால எந்திரிச்சு நின்னு சொல்லுச்சு: "அத்தான்தான் அவுகளுக்குக் கயிறு பிடிச்சவுக. அவுக வாயால சொல்லட்டும், நான் கழட்டுறேன். வேற யாரு சொன்னாலும் முடியாது." பங்காளிக வெள்ளிக்கிழம வரைக்கும் தவணை குடுத்தாக.

அந்த வெள்ளிக்கிழம காலையில நாகராசு போன் பண்ணான். போனேன். செங்கல்லு கணக்கா ஒரு தடிப் புத்தகம், அடையாளத்துக்கு வைக்கிற செவப்பு நாடா கீழ ஒரு சாண் தொங்குது.

"இதுலயும் இல்லன்னா விட்ருலே," அவன் என் மூஞ்சியப் பாக்காமச் சொன்னான். "நீ சாகுற வரைக்கும் வெள்ளைக்காரன் சண்ட போட்டுக்கிட்டேதான் இருப்பான்."

கடைக்கு வந்தேன். கரெண்டு இல்ல. நல்ல உச்சி வெயிலு, எதுத்தாப்புல டவுன் பஸ்ஸு நிக்கிது, புரோட்டா தட்டுற சத்தம் கேக்குது. இதெல்லாம் எதுக்குச் சொல்றேன்னா, பயமுறுத்துற மாதிரி ஒண்ணுமே இல்ல அங்க. பழக்க தோசத்துல நாடாவ வெரல்ல ஒரு சுத்து சுத்திக்கிட்டு, மறு கையில போனப் பிடிச்சுக்கிட்டுப் பக்கம் பக்கமாப் போனேன்.

இருந்துச்சு. பாறை மேல கோட்டை. வாசல்ல பீரங்கி. பெருத்த மரம் மூணு. உள்ள பாதி வரை படி வச்ச கல்லுக் கெணறு, அறுபத்தஞ்சு அடி.

போன் காட்டுனத அப்படியே சொல்றேன், மனப்பாடம் ஆயிருச்சு. "முற்றுகையின் ஒன்பதாம் நாள் நீர் தீர்ந்தது. ஆழப்படுத்த ஒரு மனிதன் கயிற்றில் இறக்கப்பட்டான். தாக்குதல் தொடங்கியபோது கயிற்றைப் பிடித்திருந்தவர்கள் ஓடினர். இறங்கியவன் ஒரு இந்தியக் கூலி. பெயர் அறியப்படவில்லை." அதுக்குக் கீழ பொடி எழுத்துல, "உள்ளூர் மக்கள் இன்றும் அந்தக் கிணற்றில் கயிறு விடுவதில்லை."

அப்பத்தான் வெரல்ல இருந்த நாடா ஒரு தடவ இழுத்துச்சு.

காத்தும் இல்ல, என் கையும் ஆடல. எத்தனையோ ஆயிரம் தடவ வாங்குன இழுப்பு அது, எனக்குத் தெரியாதா? ஒரே இழுப்பு. அடி எட்டல, கயிறு விடு.

மூளைக்கு முந்தி கை விட்டுருச்சு. நாடா நழுவி மேல ஏறி, முதுகு அட்டைக்கும் தாளுக்கும் நடுவுல இருக்குமே ஒரு பொந்து, அதுக்குள்ள போகுது. திரும்ப ஒண்ணு. விட்டேன். திரும்ப ஒண்ணு. விட்டேன். நுனி வந்துருச்சு. ரெண்டு வெரலால அமுக்கிப் பிடிச்சேன். "பாண்டி, ரெண்டு தடவ இழுடா"ன்னு சத்தமாவே சொல்றேன். "தூக்கிர்றேன்டா, இருக்கேன்டா, ரெண்டு தடவ இழு." கண்ணு ரெண்டும் ஒழுகுது.

திரும்பவும் ஒண்ணுதான்.

"அத்தான்?"

வாசல்ல செல்வி. பஸ்ஸ விட்டு எறங்கி நேரா வந்திருக்கு, வேர்த்து நெத்திப் பொட்டு லேசா வழிஞ்சிருக்கு. "பெரியவுக எல்லாம் வீட்டுல வந்து உக்காந்துட்டாக. ஏதாச்சும் தெரிஞ்சுதா?"

நான் என்ன சொல்லியிருக்கணும்? அவன் இன்னும் எறங்கிக்கிட்டு இருக்கான், ஆறு வருசமா அடி எட்டலன்னா? மகளுக்குப் பத்திரிகை அடிச்சாச்சு. பெரியவுக உக்காந்திருக்காக. பயம் வேற, சாகுற பயம் இல்ல, அது ஒரு மாதிரி பயம். "காரியத்த முடிச்சிரலாம் தாயி"ன்னேன்.

அந்த வார்த்தையச் சொல்றதுக்கு முன்னாடி கைய விட்டேனா, சொன்ன பொறகு விட்டேனா, எனக்கு இன்னைக்கு வரைக்கும் தெரியல. குனிஞ்சு பாத்தா நாடா இல்ல. முழுசும் உள்ள போயிருச்சு. செல்வி திரும்பிப் போயி அதே பஸ்ஸுல ஏறிக்கிச்சு.

வைக்கோல் ஆள நான்தான் கட்டுனேன். இடுப்புல கயிறு கட்டுறப்ப நுனிய என் வெரல்ல சுத்திக்கிட்டத எல்லாரும் துக்கம்னு நெனைச்சாக. மக கல்யாணம் நல்லா நடந்துச்சு. செல்வி மண்டபத்துல கடைசி வரிசையில உக்காந்து சாப்புட்டுட்டுப் போச்சு.

அதுக்கடுத்த வாரம் அந்தப் புத்தகத்த எடுத்தேன். மோட்டார்ல போடுற சின்ன இரும்பு வாசர் ஒண்ண சணல் கயித்துல கட்டி, கெணத்து ஆழம் பாக்குற மாதிரி முதுகுப் பொந்துக்குள்ள விட்டேன். புத்தகத்தோட உசரம் ஒரு சாணுக்குக் கொஞ்சம் மேல, அவ்வளவுதான். வாசர் நிக்கல. போயிக்கிட்டே இருந்துச்சு. நாலு முழம் போனதும் வெரல்ல இழுப்பு. ஒண்ணு.

சொன்னா சிரிப்பீங்க, சிரிங்க. கடையில சாமி படத்துக்குக் கீழ அந்தப் புத்தகம் நிமிந்து நிக்கிது, சணல் நுனிய ஆணியில கட்டி வச்சிருக்கேன். வாரத்துல ரெண்டு நாளாச்சும் கயிறு வெடச்சு நிக்கும். தளத்தி விடுவேன். இப்ப மூணாவது சணல் உருண்டை ஓடுது. கோட்டைக் கெணறு அறுபத்தஞ்சு அடி. நான் விட்டது அதுக்கு எவ்வளவோ மேல. ஒரு நாளாச்சும் ரெண்டு தடவ இழுத்தான்னா, அட்டையக் கிழிச்சாச்சும் தூக்கிருவேன். இழுக்கல.

இது என்ன கயிறுன்னு செல்வி ஒரு தடவ கேட்டுச்சு, மோட்டார் எறக்குறதுக்குன்னு சொல்லி வச்சேன். எங்க கயித்துக் கணக்கு அதுக்குத் தெரியாது. பாண்டி சொல்லியிருக்க மாட்டான், வேலை விசயத்த வீட்டுல பேசுற பழக்கம் அவனுக்குக் கெடையாது.

போன திங்கக்கிழம நான் டீ வாங்கிட்டு வந்து வாசல்ல நிக்கிறேன். செல்வி காயில் சுத்துறத நிப்பாட்டிட்டு, எனக்கு முதுகக் காட்டிக்கிட்டு அந்த ஆணிகிட்ட நிக்கிது. சணல் வெடச்சுக் கெடக்கு. அது கைய நீட்டி, கயித்த ஆட்காட்டி வெரல்ல ஒரு சுத்து சுத்துச்சு. சணல் ஒரு தடவ அசைஞ்சுச்சு. அப்புறம் உருண்டையில இருந்து ஒரு முழம் எடுத்து, செம்புக் கம்பிய விடுற மாதிரி, இறுக்கமும் இல்லாம தொய்வும் இல்லாம, உள்ள விட்டுச்சு.